தேனாம்பேட்டை சிக்னல் டு ஃபைனல் மிக்ஸ்

படிக்க ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி ஒரு சின்ன வேலை இருக்கு. இன்னைக்குச் சாயங்காலம் ஆறு மணிக்கு மேல தேனாம்பேட்டை சிக்னலுக்குப் போங்க. எல்டாம்ஸ் ரோடு அண்ணா சாலையைத் தொடுற முனையில நில்லுங்க. கூட ஒரு ஃப்ரெண்டைக் கூட்டிக்கோங்க. ரெண்டடி தள்ளி நின்னு, கத்தாம, சாதாரணமா ஒரு நிமிஷம் எதையாவது பேசச் சொல்லுங்க. உங்க ஃபோன்ல வாய்ஸ் ரெக்கார்டர் ஓடட்டும். அப்புறம் ரூமுக்கு வந்து ஹெட்ஃபோன் மாட்டிக் கேளுங்க.

அங்கே நிக்கும்போது ஃப்ரெண்ட் சொன்னது அத்தனையும் உங்களுக்குப் புரிஞ்சிருக்கும். பதில்கூடச் சொல்லியிருப்பீங்க. ஆனா ரெக்கார்டிங்ல இருக்கிறது வேற ஊர். எம்.டி.சி. பஸ் இன்ஜின், பைக் ஹாரன், இதுக்கெல்லாம் அடியில எங்கேயோ தூரத்துல முணுமுணுக்கிற மாதிரி உங்க ஃப்ரெண்ட். அதுக்காக ஃபோனைத் திட்ட வேண்டாம். உங்க காது அவ்வளவு கெட்டி. ஒரு சத்தம் இடது காதுக்கும் வலது காதுக்கும் வந்து சேர்ற நேரத்துல ஒரு மில்லி செகண்டுக்கும் குறைவான வித்தியாசம் இருக்கும். அதை வெச்சே மூளை எந்தச் சத்தம் எந்தத் திசைன்னு பிரிச்சுடும். எதிர்ல இருக்கிறவரோட உதட்டசைவையும் சேர்த்துக்கும். வேண்டாததை ஒதுக்கிட்டு வேண்டிய குரலை முன்னாடி இழுத்துட்டு வரும். மைக்குக்கு மூளை கிடையாது. வந்த காத்தழுத்தத்தை வோல்டேஜா மாத்தித் தரும், அவ்வளவுதான் அதுக்குத் தெரியும்.

சினிமாவுல ஒலி வேலை பார்க்கிறவரோட வேலை இங்கதான் ஆரம்பிக்குது. மைக்கால முடியாத அந்த மூளை வேலையை, தியேட்டர்ல உக்காந்திருக்கிற எண்ணூறு பேருக்கும் சேர்த்து ஒருத்தர் முன்கூட்டியே செஞ்சு வைக்கணும்.

நம்ம காலேஜ்ல ஒவ்வொரு பேட்ச்லயும் மியூசிக் டைரக்டர் ஆகணும்னு நாலு பேராவது இருக்காங்க. ஹாஸ்டல் ரூம்ல மிடி கீபோர்டு, க்ராக் பண்ணின எஃப்.எல். ஸ்டுடியோ, ராத்திரி ரெண்டு மணிக்கு ஒரு பீட். சவுண்ட் இன்ஜினியர் ஆகணும்னு சொல்ற ஒருத்தரை நான் நாலு வருஷத்துல பார்த்ததில்ல. இத்தனைக்கும் பேர்லயே இன்ஜினியர் இருக்கு! டி.எஸ்.பி. பேப்பர்ல நாம படிச்ச பாதி விஷயம் அங்கேதான் தினமும் ஓடுது. அதனால இது அந்த வேலையைப் பத்தின பாடம்.

ஒரு காட்சி எடுப்போம்

அதே தேனாம்பேட்டை சிக்னல். ஹீரோவும் ஹீரோயினும் பிரியப் போறாங்க. ரெண்டு நிமிஷக் காட்சி. டைரக்டருக்கு நிஜ டிராஃபிக் வேணும். வசனமும் மெதுவா, கிட்டத்தட்ட ரகசியக் குரல்ல பேசணும்.

முதல் ஆள், லொகேஷன் சவுண்ட் ரெக்கார்டிஸ்ட். அவரோட கணக்கைப் போட்டுப் பாருங்க. சாதாரணப் பேச்சு ஒரு மீட்டர் தூரத்துல சுமாரா 60 டெசிபல். ரோட்டுச் சத்தம் ஒரு பேச்சுக்கு 75னு வெச்சுக்குவோம். குரல் 15 டெசிபல் கீழ இருக்கு. தூரத்தைப் பாதியாக்கினா 6 டெசிபல் ஏறும், ஞாபகம் இருக்கா? மைக்கை ஒரு மீட்டர்ல இருந்து 25 சென்டிமீட்டருக்குக் கொண்டு வந்தா ரெண்டு தடவை பாதி, 12 டெசிபல் லாபம். குரல் இப்போ 72. இன்னும் ரோடுதான் 3 டெசிபல் மேல. சட்டைக்குள்ள லேப்பல் மைக் வெச்சு இன்னும் கிட்டப் போகலாம், ஆனா துணி உரசும். ஒரு பக்கமா மட்டும் கேட்கிற ஷாட்கன் மைக்கை பூம் கம்பில மாட்டித் தலைக்கு மேல பிடிக்கலாம், ஆனா கேமரா வைட் ஷாட் வெச்சா பூம் ஃப்ரேமுக்குள்ள வரும். இது அத்தனைக்கும் நடுவுல ரகசியக் குரல்! அது 60கூட வராது.

தமிழ் சினிமா ரொம்ப காலமா டப்பிங்கை நம்பி இருந்ததுக்கு இந்தக் கணக்கு ஒரு முக்கியமான காரணம். ஃபிலிம் கேமரா ஓடுற சத்தமே பெருசு, ஷூட்டிங் ஸ்பாட்ல அமைதிங்கிறதும் கிடையாது. ஸ்பாட்ல எடுக்கிற பைலட் டிராக் வெறும் வழிகாட்டி. நடிகர் பின்னாடி டப்பிங் தியேட்டர்ல திரையைப் பார்த்து அதே வசனத்தை மறுபடி பேசுவார். சில சமயம் அவர் பேச மாட்டார், வேற ஒருத்தர் பேசுவார்.

டப்பிங்ல குரல் சுத்தமா வந்துடும். ஆனா கூடவே தேனாம்பேட்டையும் போயிடும். ஏ.சி. ரூம்ல நின்னு பேசின குரல் அது. எனவே ரெண்டாவது அடுக்கு, சூழல் ஒலி. அதே இடத்துல போய் ஆள் பேசாத நேரத்துல எடுத்த ரோட்டுச் சத்தத்தை அடியில போடணும். மூணாவது, ஃபோலி. அவ கைல இருக்கிற வளையல், அவன் செருப்பைத் தேய்ச்சு நடக்கிறது, பஸ் பாஸை பர்ஸுக்குள்ள வைக்கிறது, இதையெல்லாம் ஸ்டுடியோவுல ஒருத்தர் திரையைப் பார்த்தபடியே நிஜமா செஞ்சு காட்டணும். செம்மண்ணுல நடக்கிறதுக்கு ஒரு தரை, மொசைக்ல நடக்கிறதுக்கு ஒரு தரைன்னு ஃபோலி ரூம்ல தனித்தனிக் கட்டமே இருக்கும். நாலாவது, ஸ்பாட் எஃபெக்ட்ஸ். பஸ் பிரேக், கண்டக்டர் விசில், இந்த மாதிரி கதைக்குத் தேவையான தனிச் சத்தங்கள். அஞ்சாவதா மியூசிக் வருது. நமக்குத் தெரிஞ்ச ஒரே அடுக்கு அதுதான்!

இதுல இன்னொரு சிக்கல். படம் தெலுங்கு, இந்தி, கன்னடம், மலையாளத்துலயும் போகணும். அப்போ தமிழ் வசனத்தை மட்டும் கழட்டிட்டு மிச்சத்தை அப்படியே தரணும். இதுக்குப் பேர் எம் அண்ட் ஈ டிராக், மியூசிக்கும் எஃபெக்ட்ஸும் மட்டும் உள்ளது. ஸ்பாட்ல வசனத்தோட ஒட்டி வந்த வளையல் சத்தம் வசனத்தோடயே போயிடும். அதனால லைவ் சவுண்ட் எடுத்த படத்துக்கும் ஃபோலியை முழுசா செய்ய வேண்டியிருக்கு. பேன் இந்தியாங்கிற வார்த்தைக்குப் பின்னாடி இப்படி ஒரு வளையல் கதை இருக்கு.

கடைசியா இந்த அடுக்குகள் எல்லாம் ஒரே மேஜைக்கு வரும். நூத்துக்கணக்கான டிராக். அதை ஒண்ணாக்குறவர்தான் ஃபைனல் மிக்ஸ் பண்றவர்.

ஆர்.ஆர். குழப்பம்

வார்த்தை விஷயத்துல ஒரு எச்சரிக்கை. சென்னையில "படம் ஆர்.ஆர்.ல இருக்கு"ன்னா மியூசிக் டைரக்டர் பின்னணி இசை போட்டுக்கிட்டு இருக்கார்னு அர்த்தம். ஆர்.ஆர். என்றால் ரீரெக்கார்டிங். ஆனா உலகத்துல மத்த இடங்கள்ல ரீரெக்கார்டிங் மிக்ஸர்னா மேல சொன்ன ஃபைனல் மிக்ஸ் ஆள். தேசிய விருதுப் பட்டியல்லயும் ரீரெக்கார்டிஸ்ட் என்று வந்தா அது அவர்தான். கூகுள்ல தேடும்போது இது தெரியலன்னா ரெண்டு வேற தொழிலை ஒண்ணுன்னு நினைச்சுக் குழம்பிடுவீங்க. டைட்டில் கார்டுல முன்னாடி எல்லாத்துக்கும் சேர்த்து "ஒலிப்பதிவு"ன்னு ஒரே வார்த்தைதான் போடுவாங்க. அழகான வார்த்தைதான், ஆனா பதிவு செய்றது இந்த வேலையில ஒரு துண்டு மட்டும்.

தேசிய விருதுகள்லயும் 2008 வரைக்கும் வந்த படங்களுக்கு ஒலிக்குன்னு ஒரே விருதுதான் இருந்தது. 2009 படங்கள்ல இருந்து அதை லொகேஷன் ரெக்கார்டிங், சவுண்ட் டிசைன், ஃபைனல் மிக்ஸ்னு மூணாப் பிரிச்சாங்க. 2019ல வந்த பார்த்திபனோட 'ஒத்த செருப்பு சைஸ் 7' படத்துக்கு ஃபைனல் மிக்ஸுக்கான விருது ரசூல் பூக்குட்டிக்குக் கிடைச்சது. அந்தப் படத்தைப் பார்க்காதவங்க பாருங்க. திரையில ஒரே ஆள். போலீஸ்காரங்க, மத்த மனுஷங்க எல்லாருமே குரல் மட்டும். ஃபிரேமுக்கு வெளியில இடது பக்கம் ஒருத்தர் நாற்காலியை நகர்த்தறார்னு நீங்க நம்புறது காதால. இந்தப் பாடத்துக்கு இதைவிட நல்ல லேப் எக்ஸ்பெரிமென்ட் தமிழ்ல கிடையாதுங்கிறது என் கருத்து.

எச்.ஸ்ரீதர்

இப்போ நான் சொல்ல வந்த ஆளுக்கு வர்றேன். எச்.ஸ்ரீதர். இந்தப் பேரை நம்ம கிளாஸ்ல கேட்டுப் பார்த்தேன். அறுபது பேர்ல ஒருத்தருக்கும் தெரியல. அவர் வேலை செஞ்ச பாட்டை ஹம் பண்ணத் தெரியாதவங்கன்னு கேட்டிருந்தாலும் ஒருத்தரும் இருந்திருக்க மாட்டாங்க.

சென்னையில மீடியா ஆர்ட்டிஸ்ட்ஸ் ஸ்டுடியோவுல வேலை பார்த்த சவுண்ட் இன்ஜினியர். ஏ.ஆர்.ரஹ்மானோட நெருங்கின கூட்டாளி. நாலு தேசிய விருது. கமல்ஹாசன் நடிச்சு இளையராஜா இசையில 1994ல வெளியான 'மகாநதி', மணிரத்னத்தோட 'தில் சே' 1998, ஆமிர் கானோட 'லகான்' 2001, மறுபடி மணிரத்னத்தோட 'கன்னத்தில் முத்தமிட்டால்' 2002. இதுல மூணு படம் ரஹ்மான், ஒண்ணு ராஜா. நம்ம ஹாஸ்டல் சண்டையில எந்தப் பக்கம் நின்னாலும் ஸ்ரீதர் உங்க பக்கம் இருக்கார்.

அந்தக் காலத்தைக் கொஞ்சம் யோசிங்க. ரஹ்மான் அப்பா ஆர்.கே.சேகர் மலையாளப் படங்கள்ல இசை நடத்துனர். அவர் 1976ல இறந்தப்போ பையனுக்கு ஒன்பது வயசு. வீட்டுல இருந்த இசைக்கருவிகளை வாடகைக்கு விட்டுத்தான் குடும்பம் ஓடிச்சு. சின்ன வயசுலயே கீபோர்டு வாசிக்கப் போன பையன், விளம்பர ஜிங்கிள் போட்டுக் கோடம்பாக்கத்துல வீட்டை ஒட்டியே பஞ்சதன் ரெக்கார்ட் இன் ஸ்டுடியோ கட்டினார். 1992ல 'ரோஜா'. அதுவரைக்கும் பெரிய ஹால்ல முப்பது நாற்பது பேர் சேர்ந்து ஒரே டேக்ல வாசிச்சுப் பதிவு பண்றது பழக்கம். இளையராஜா 1986லயே 'புன்னகை மன்னன்'ல சீக்வென்சர் பயன்படுத்திட்டார், ஆனா அது பொது வழக்கமா ஆகல. ரஹ்மானோட முறை வேற. ஒரு சின்ன ரூம்ல ஒவ்வொரு ஆளா வந்து வாசிச்சுட்டுப் போவாங்க, அடுக்கு அடுக்கா ஏத்துவாங்க, எது எங்க உக்காரணும்னு பின்னாடி முடிவு பண்ணுவாங்க.

இந்த முறையில இன்ஜினியரோட இடமே மாறிடுது. முப்பது பேர் ஒண்ணா வாசிச்சா பாதி பேலன்ஸ் அந்த ஹாலுக்குள்ளயே நடந்துடும். வயலின்காரர் தபேலாவைக் கேட்டுத் தன் சத்தத்தை அடக்குவார். தனித்தனியா வாசிச்சா அப்படி யாரும் யாரையும் கேட்டு அடக்கல. அந்த உறவை மிக்ஸ் மேஜையில ஒருத்தர் புதுசா உண்டாக்கணும். ரஹ்மான் பாட்டுல எட்டாவது தடவை கேட்கும்போதுதான் பின்னாடி ஒரு மெல்லிய குரல் இருக்கிறது தெரியுதுன்னு சொல்லுவோமே, அதை அங்க எழுதினது கம்போஸர். எட்டாவது தடவை வரைக்கும் காணாம வெச்சு, ஆனா தொலைஞ்சு போகாம வெச்சது இன்ஜினியர்.

'லகான்' விருது இன்னொரு விஷயம் சொல்லுது. அது ஸ்ரீதருக்கும் நகுல் காம்டேவுக்கும் சேர்த்துக் கிடைச்சது. நகுல் காம்டே கட்ச் வெயில்ல ஸ்பாட்லயே வசனத்தை எடுத்தவர். இந்தி சினிமாவும் டப்பிங்ல ஊறி இருந்த நேரத்துல சிங்க் சவுண்ட்ல எடுத்த பெரிய படம் அது. வெட்டவெளியில ஒருத்தர் பிடிச்ச சத்தத்தை, ஒரு இருட்டு ரூம்ல இன்னொருத்தர் முழுசாக்கினார்.

ஆனா எனக்கு அவர் படங்கள்ல பாடமா எடுக்கத் தோணுறது 'கன்னத்தில் முத்தமிட்டால்'. அந்த விருது ஸ்ரீதருக்கும் ஏ.எஸ்.லட்சுமிநாராயணனுக்கும். கடைசிக் காட்சி ஞாபகம் இருக்கும். அமுதா தன்னைப் பெத்தவளைச் சந்திக்கிறா. மழை கொட்டுது. மெதுவான பேச்சு, அழுகை, ரஹ்மானோட இசை, எல்லாம் மழைக்குள்ள.

இன்ஜினியரா இதைப் பாருங்க. மழைங்கிறது கிட்டத்தட்ட நாம சிக்னல்ஸ் கிளாஸ்ல படிச்ச வெள்ளை இரைச்சல். கீழ் அலைவரிசையில இருந்து மேல் அலைவரிசை வரைக்கும் எல்லா இடத்துலயும் எனர்ஜி பரவி இருக்கும். மனுஷக் குரல் புரியறதுக்கு முக்கியமான பகுதி 2ல இருந்து 4 கிலோஹெர்ட்ஸ் சுத்தி, மெய்யெழுத்துகள் அங்கதான் தெளிவாகும். பழைய டெலிஃபோன் 300ல இருந்து 3400 ஹெர்ட்ஸ் வரைக்கும் மட்டும் அனுப்பியும் பேச்சு புரிஞ்சதுக்குக் காரணம் இதுதான். இப்போ மழை அந்த 2 டு 4லயும் உக்காந்திருக்கு. வயலின் வந்தா அதோட ஹார்மானிக்ஸும் அங்கேயே வரும். ஒரே பெஞ்சுல மூணு பேர். மழையை ஒட்டுமொத்தமா குறைச்சா காட்சி பொய்யாயிடும், திரையில கொட்டுது, காதுல தூறுது. வசனத்தை ஏத்தினா அந்தம்மா மெதுவா பேசுற உணர்ச்சி போயிடும். இசையைக் குறைச்சா கம்போஸருக்கு வருத்தம்.

இதுக்கு எந்த மிக்ஸரும் எடுக்கிற வழிகள் சில உண்டு. குரல் வர்ற அலைவரிசையில மட்டும் மழையில ஒரு சின்னப் பள்ளம் வெட்டுறது. மழையைப் பக்கவாட்டு, பின்பக்க ஸ்பீக்கருக்குத் தள்ளிட்டு நடு ஸ்பீக்கரைக் குரலுக்குக் காலியா வைக்கிறது. வசனத்துக்கு நடுவுல இருக்கிற மூச்சு விடுற இடைவெளியில மட்டும் மழையை மெல்ல ஏத்தி, பேச ஆரம்பிக்கும்போது யாருக்கும் தெரியாம இறக்குறது. நல்ல ஹெட்ஃபோன்ல அந்தக் காட்சியைக் கண்ணை மூடிட்டு ஒரு தடவை கேளுங்க. மழையும் கேட்கும், பேச்சும் கேட்கும். சிக்னல்ல உங்க மூளை செஞ்ச அதே வேலை, இங்க நமக்காக வேற ஒருத்தர் செஞ்சிருக்கார்.

ஸ்ரீதர் 2008 டிசம்பர் 1ல இறந்துட்டார். 'ஸ்லம்டாக் மில்லியனர்' அப்போதான் அமெரிக்காவுல வெளியாகிப் பேச ஆரம்பிச்சிருந்தாங்க. அடுத்த பிப்ரவரி 22ல ஆஸ்கர் மேடையில ரஹ்மான் ரெண்டு விருது வாங்கினார். அதே படத்துக்கு சவுண்ட் மிக்ஸிங் ஆஸ்கர் ரசூல் பூக்குட்டிக்கும், இயன் டேப், ரிச்சர்ட் ப்ரைக் ரெண்டு பேருக்கும். 2010 ஜனவரி 31ல கிராமி. அந்த சவுண்ட்டிராக் ஆல்பத்துக்கான விருதுல இன்ஜினியர்களா ரெண்டு பேர் இருக்காங்க: எச்.ஸ்ரீதர், பி.ஏ.தீபக். விருது வந்தப்போ ஸ்ரீதர் போய் ஒரு வருஷத்துக்கு மேல ஆகியிருந்தது.

அவர் பேர் நமக்குத் தெரிய வர்றதுக்கே ரஹ்மானோட ஒரு பழக்கம் காரணம். கேசட் காலத்துல இருந்தே யார் வாசிச்சாங்க, யார் பதிவு பண்ணினாங்க, யார் மிக்ஸ் பண்ணினாங்கன்னு அந்த உள் அட்டையில பேர் போட ஆரம்பிச்சார். எங்க மாமா வீட்டுப் பரண்ல ஒரு ஷூ டப்பா நிறைய கேசட் இருக்கு. புல்லாங்குழல் யாரு, கிட்டார் யாரு, எல்லாம் எறும்பு சைஸ்ல அச்சாகியிருக்கு. இப்போ நாம ஸ்ட்ரீமிங்ல கேட்கிறோம், மூணு புள்ளியைத் தட்டி கிரெடிட்ஸ் உள்ள போனாத்தான் பேர் வரும். எத்தனை பேர் தட்டுறோம்?

சரி, நாம போக முடியுமா?

முடியும். நம்ம மாதிரி இன்ஜினியரிங் முடிச்சுட்டுப் போன ஒருத்தர் எல்லாருக்கும் தெரிஞ்சவர்: சந்தோஷ் நாராயணன். ஸ்ரீரங்கத்துக்காரர், திருச்சியில இன்ஜினியரிங் காலேஜ் முடிச்சார். முதல்ல ரெக்கார்டிங் இன்ஜினியரா வேலை பார்த்தார். இசையமைப்பாளரா 'அட்டகத்தி', 'பீட்சா' ரெண்டும் 2012ல வந்தது. 'பீட்சா'வுல பாதி பயம் எங்கிருந்து வருதுன்னு யோசிங்க, மேளமா, இல்ல அந்த வீட்டோட அமைதியா? மைக் பிடிச்ச கை இசை எழுதும்போது அமைதிக்கும் ஒரு விலை தெரிஞ்சிருக்கும்னு நான் நினைக்கிறேன். கம்போஸருக்கும் சவுண்ட் ஆளுக்கும் நடுவுல நாம நினைக்கிற சுவர் அவ்வளவு உயரமில்ல. 2022ல வந்த 'பொன்னியின் செல்வன் 1' படத்துக்கு ரஹ்மானுக்குப் பின்னணி இசைக்கான தேசிய விருது, ஆனந்த் கிருஷ்ணமூர்த்திக்கு சவுண்ட் டிசைனுக்கான தேசிய விருது. ஒரே படம்.

படிக்கணும்னா வழி இருக்கு. தரமணி எம்.ஜி.ஆர். அரசு திரைப்படக் கல்லூரியில ஒலிக்குன்னு தனிப் பிரிவு உண்டு. புனே எஃப்.டி.ஐ.ஐ., கொல்கத்தா சத்யஜித் ரே இன்ஸ்டிட்யூட் ரெண்டுலயும் டிகிரிக்கு அப்புறம் சேர்ற ஒலிப் படிப்பு இருக்கு, நுழைவுத் தேர்வு எழுதணும். ரசூல் பூக்குட்டி எஃப்.டி.ஐ.ஐ. மாணவர்தான். இசைப் பக்கம்னா ரஹ்மான் 2008ல ஆரம்பிச்ச கே.எம். மியூசிக் கன்சர்வேட்டரி நம்ம ஊர்லயே. இது எதுவும் இல்லாம நேரா ஸ்டுடியோவுல அசிஸ்டென்ட்டா சேர்றவங்களும் நிறைய. கேபிள் சுத்தக் கத்துக்கிறதுல இருந்து ஆரம்பம்.

நம்மகிட்ட ஏற்கெனவே இருக்கிறது என்னன்னா கணக்கு. சாம்பிளிங் ரேட் ஏன் சி.டி.க்கு 44.1 கிலோஹெர்ட்ஸ், சினிமாவுக்கு 48ன்னு கேட்டா நாம நைக்விஸ்ட் பேரைச் சொல்லுவோம். 16 பிட்டுக்கு 96 டெசிபல், 24 பிட்டுக்கு 144, ஒரு பிட்டுக்கு 6ன்னு பெருக்கத் தெரியும். இன்னொரு சின்னக் கணக்கு, இது எனக்கு ரொம்பப் பிடிச்சது. சத்தம் ஒரு செகண்டுக்குச் சுமார் 340 மீட்டர் போகும். சினிமா ஒரு செகண்டுக்கு 24 ஃப்ரேம். 340ஐ 24ஆல வகுத்தா 14 மீட்டர் சொச்சம். அதாவது பெரிய தியேட்டர்ல 28 மீட்டர் பின்னாடி உக்காந்திருக்கிறவருக்கு ஹீரோ அறை விட்ட சத்தம் ரெண்டு ஃப்ரேம் லேட்டாத்தான் போய்ச் சேரும். எடிட் ரூம்ல ஒரு ஃப்ரேமுக்கு அடிச்சுக்கிறாங்க, பால்கனிக்காரருக்கு அது எப்பவுமே தப்பு!

நம்மகிட்ட இல்லாதது காது. அதாவது பழக்கின காது. 3 டெசிபல் ஏறினதா, 400 ஹெர்ட்ஸ்ல குழகுழன்னு இருக்கா, இதைக் கேட்டதும் சொல்ல வருஷங்கள் ஆகும். அதுவரைக்கும் அந்தக் காதைக் காப்பாத்தவும் வேணும். வேலை இடத்துல 85 டெசிபல்னா ஒரு நாளைக்கு எட்டு மணி நேரம்தான் பாதுகாப்புன்னு அமெரிக்க நிறுவனமான நியோஷ் சொல்லுது. ஒவ்வொரு 3 டெசிபல் ஏற ஏற நேரம் பாதியாகும். 88க்கு நாலு மணி நேரம், 91க்கு ரெண்டு, 100க்குக் கால் மணி நேரம். கல்ச்சுரல்ஸ் அன்னைக்கு ஸ்பீக்கர் முன்னாடி நின்னு நாம ஆடினது எத்தனை மணி நேரம்னு நான் கேட்கல.

காசு விஷயம் மறைக்க வேண்டாம். மாசச் சம்பளம் அபூர்வம், படத்துக்குப் படம் பேசுற தொகை. படம் நின்னா பேமென்ட்டும் நிக்கும். அசிஸ்டென்ட்டா இருக்கிற வருஷங்கள்ல கிடைக்கிறது கேம்பஸ் பிளேஸ்மென்ட் பேக்கேஜ் பக்கத்துலகூட வராது. ரிலீஸ் தேதி நெருங்கும்போது ஷூட்டிங் தள்ளிப்போனது, எடிட் தள்ளிப்போனது, சி.ஜி. தள்ளிப்போனது எல்லாத்தோட லேட்டும் கடைசி மேஜைக்கு வந்து விழும். கடைசி மேஜை மிக்ஸ். ராத்திரி பகல் கிடையாது. சென்னையில பெப்சி சங்க உறுப்பினர் அட்டை வேணும், அதுக்கும் செலவும் காத்திருப்பும் உண்டு. பெண்கள் இந்தத் துறையில இன்னும் ரொம்பக் குறைவு. ராத்திரி மூணு மணிக்கு ஸ்டுடியோல இருந்து எப்படி வீட்டுக்கு வர்றதுங்கிற கேள்விக்குப் பதில் இல்லாம அந்த எண்ணிக்கை ஏறாதுன்னு தோணுது.

எனக்கும் ஒரு ஐ.டி. கம்பெனி ஆஃபர் லெட்டர் இருக்கு. அப்பாகிட்ட எஃப்.டி.ஐ.ஐ. நுழைவுத் தேர்வு பத்திச் சொன்னேன். திட்டல. "பி.எஃப். பிடிப்பாங்களா?"ன்னு மட்டும் கேட்டார். முப்பது வருஷம் ஒரே ஆபீஸ்ல வேலை பார்த்து என்னைப் படிக்க வெச்சவர், அவர் கேள்வி நியாயமான கேள்வி. அதுக்குப் பதில் "பிடிக்க மாட்டாங்க"தான். லெட்டருக்குப் பதில் சொல்ல இன்னும் நாள் இருக்கு. அப்ளிகேஷனும் போட்டிருக்கேன்.

நீங்க அவ்வளவு தூரம் போக வேண்டாம். சிக்னல்ல எடுத்த அந்த ஒரு நிமிஷ ரெக்கார்டிங் இருக்கில்ல, அதை அழிக்காதீங்க. ஆடாசிட்டி ஃப்ரீ, லேப் சிஸ்டம்லயே இருக்கு. ஃப்ரெண்ட் பேசினதை அப்படியே எழுதி வாங்கி, ரூம்ல போர்வைக்குள்ள தலையை விட்டு மறுபடி பேச வெச்சு எடுங்க. போர்வை நல்லாவே எதிரொலியைக் குடிக்கும். ரோட்டுச் சத்தத்தைத் தனி டிராக்கா அடியில போடுங்க. செருப்புச் சத்தம் நீங்களே நடந்து சேருங்க. குரலும் புரியணும், தேனாம்பேட்டையும் இருக்கணும், ரெண்டும் ஒரே இடத்துலதான் நடக்குதுன்னு நம்பணும். முதல் தடவை குரல் போர்வைக்குள்ள இருந்து வர்ற மாதிரியே இருக்கும், கொஞ்சம் ரிவெர்ப் சேர்த்துப் பாருங்க, அளவு தெரியறதுக்குள்ள ஒரு ராத்திரி போயிடும். முடிச்சதை இதழோட மெயிலுக்கு அனுப்புங்க, பேர் போட்டு. மூணு பேர் அனுப்பினாக்கூடப் போதும், செமினார் ஹால் ஸ்பீக்கர்ல போட்டு எல்லாரும் சேர்ந்து உக்காந்து கேட்போம்.